வீடு தந்த பாலு மகேந்திரா

ஊவாவின் மலைச்சாரல்களில் தேயிலை வளர்த்த மக்களுக்கு வீடு என்பது வெறுஞ் சொல்லன்று. லயன் காம்பிராவிலே பிறந்து, அங்கேயே உழைத்து மறைந்த தலைமுறைகள் பல. தமக்கென ஒரு துண்டு நிலமும் அதற்குரிய உறுதியும் வேண்டிப் பதுளையிலும் பசறையிலும் இன்றும் காத்திருப்போர் உளர். அவர்தம் ஏக்கத்தை நன்குணர்த்தும் திரைப்படம் ஒன்றுண்டு. அதன் பெயரே ‘வீடு’. அதனை ஆக்கியவர் இலங்கைத் தீவின் புதல்வராகிய பாலு மகேந்திரா.

அவர் 1939ஆம் ஆண்டில் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியிற் பிறந்தார். பள்ளிச் சுற்றுலா சென்றபோது, ஆங்கில இயக்குநர் டேவிட் லீன் ‘குவாய் ஆற்றுப் பாலம்’ என்னும் படத்தை இலங்கையில் எடுப்பதைக் கண்ணுற்றார். அன்றே அவர் உள்ளம் திரைக்கலையை நாடியது. பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று, 1969இல் தங்கப் பதக்கத்துடன் தேறினார். மலையாளத்தில் ‘நெல்லு’ (1974) படத்திற்கு ஒளிப்பதிவு செய்தார். கன்னடத்தில் ‘கோகிலா’வை (1977) இயக்கினார். நீலகிரியின் பனியைக் கண்முன் நிறுத்திய ‘மூன்றாம் பிறை’ (1982), ஒளிப்பதிவுக்கான இந்திய தேசிய விருதை அவருக்கு ஈட்டித் தந்தது.

கிரேக்கத் திரையுலகிலும் இவரையொத்த ஒருவர் இருந்தார். சைப்பிரசுத் தீவிற் பிறந்து, போர்க்காலத்தில் இலண்டன் வானொலியின் கிரேக்கப் பகுதியிற் பணிபுரிந்து, பின்னர் ஏதென்சு சென்ற மைக்கேல் காக்கோயானிஸ் என்பாரே அவர். ‘சோர்பா’ (1964) படத்தை எழுதி, இயக்கி, தொகுத்து, தயாரித்தவரும் அவரே. தீவை விட்டுக் கடல் கடந்த இவ்விருவரும் ஒரு தொழிலோடு அமையவில்லை.

1988இல் வெளிவந்த ‘வீடு’ படத்திற்குத் திரைக்கதை, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் நான்கும் பாலு மகேந்திராவினுடையவை. பாடலேதும் இல்லை. சென்னையில் அலுவலகம் செல்லும் பெண்ணொருத்தி சிறு மனையில் வீடு கட்ட முயல்கிறாள். கடனும் அனுமதியும் ஒப்பந்தக்காரரின் வஞ்சனையும் அவளை வருத்துகின்றன. அரைகுறையாக நிற்கும் வீட்டைக் கண்டு திரும்பும் பாட்டனார் உயிர் துறக்கிறார். இறுதியில் அந்நிலம் குடிநீர் வாரியத்திற்கு உரியதெனத் தெரிய வருகிறது.

எழுதிய கையே ஒளிப்பதிவுக் கருவியையும் பிடித்தமையால், அவளது துயரம் ஆரவாரமின்றி நம்மை வந்தடைகிறது. அப்படம் சிறந்த தமிழ்ப் படத்திற்கான தேசிய விருதைப் பெற்றது. பாலு மகேந்திரா 2014 பெப்ருவரி 13ஆம் நாள் சென்னையிற் காலமானார்.

நேயர்களே, சுவர் எழுப்புவதனால் மட்டும் ஒருவருக்கு வீடு கிட்டிவிடுவதில்லை; அடிநிலம் உரிமையாதல் வேண்டும். தோட்டத்து மக்கள் நெடுங்காலம் பட்டறிந்த இவ்வுண்மையை, சென்னைக் கதை ஒன்றின் வழியே உலகறியச் செய்தவர் அவர்.