கடிதமும் கலியாணமும்
ஜேன் ஒஸ்டின் காலத்து இங்கிலாந்து

கென்ற் மாகாணத்துப் பெருமாளிகை ஒன்றின் பூங்கா. ஏப்ரில் மாதத்துக் காலைப்பொழுது. வாயிற் கதவருகே ஒரு கனவான் நெடுநேரமாக உலாவிக்கொண்டிருக்கிறான். அவ்வழியே வந்த இளம்பெண்ணின் கையிலே ஒரு கடிதத்தைக் கொடுத்து, இதனை வாசித்தருளுமாறு கேட்டு, தலைவணங்கிச் சென்றுவிடுகிறான். முதல்நாள் மாலையிலேதான் அவன் அவளை மணங்கேட்டான். அவளும் சிறிதும் தயங்காமல் மறுத்தாள். இரண்டு தாள் நிறைய எழுதி, உறையாக மடித்த மூன்றாவது தாளிலும் இடம்விடாமல் எழுதிய அக்கடிதமே 'பிறைட் அன்ட் பிறெஜுடிஸ்' என்னும் நாவலின் நடுத்தூண் எனலாம். கொடுத்தவன் டார்சி, பெற்றவள் எலிசபெத் பெனட்.

இக்கடிதம் ஏன் கையிலே கொடுக்கப்பட்டது? தபாலில் அனுப்பியிருக்கலாகாதா என்று இக்காலத்து வாசகர் வினவக்கூடும். 1813ஆம் ஆண்டிலே இந்நாவலை முதன்முதல் வாசித்த எவரும் அவ்வாறு வினவியிருக்கமாட்டார். மணவுறுதி செய்துகொள்ளாத ஆணும் பெண்ணும், நெருங்கிய உறவினரல்லாராயின், ஒருவருக்கொருவர் கடிதம் எழுதுதல் அக்காலத்து நன்மக்கள் ஒழுக்கத்துக்குப் பொருந்தாது. தபாலில் வந்த கடிதம் வீட்டாரனைவர் கண்ணிலும் படும். அதன் முகவரியிலுள்ள கையெழுத்தை எல்லோரும் ஆராய்வர். ஆகவே டார்சி செய்தது துணிகரமான செயல். தன் சொந்தத் தங்கை ஏமாற்றப்படவிருந்த கதையை முழுப்பெயரும் ஒப்பமிட்டு ஓர் அந்நியப் பெண்ணிடம் ஒப்படைத்தான். எலிசபெத்து அதற்கு மறுமொழி எழுதவேயில்லை, எழுதவும் இயலாது. மணம் நிச்சயமான பின்னர், அக்கடிதத்தை அவள் அழித்திருப்பாள் என்றே தான் நம்புவதாக அவன் கூறுகிறான். அவசியமானால் எரித்துவிடுவதாக அவளும் இசைகிறாள்.

இந்த விதியை அறியாதவருக்கு ஒஸ்டினின் கதைகளிற் பாதி விளங்காது. 1811இல் வெளிவந்த 'சென்ஸ் அன்ட் சென்சிபிலிற்றி' யிலே மரியான் என்பாள் இலண்டனுக்கு வந்த அன்றே வில்லோபிக்குக் கடிதம் வரைகிறாள். அவள் அக்காள் எலினோர் அதைக் கண்டதும், இருவருக்கும் மணவுறுதி நிகழ்ந்துவிட்டதென்றே முடிவுசெய்கிறாள். அத்தகைய உறுதி எதுவுமே இல்லை என்பது பின்னர் தெரியவரும்போது எலினோருக்கு உண்டாகும் அதிர்ச்சி, தங்கை கைவிடப்பட்டாள் என்பதனால் மாத்திரமன்று. உரிமையில்லாமல் எழுதினாள் என்பதனாலும் ஆகும். 'எம்மா' விலே வரும் ஜேன் பெயர்பாக்ஸ் நாள்தோறும் காலையில் தானே தபாற் கந்தோருக்கு நடந்து செல்கிறாள். மழையில் நனைந்தும் செல்கிறாள். வேலையாள் ஒருவனை அனுப்புவதாக மற்றவர்கள் வற்புறுத்த வற்புறுத்த அவள் மறுப்பதன் காரணம், கதையின் இறுதியிலேதான் வெளிப்படுகின்றது: இரகசியமாக மணவுறுதி செய்துகொண்ட காதலனின் கடிதம் பிறர் கைக்கு அகப்படக்கூடாது என்பதே.

அக்காலத்துத் தபாற் செலவு அற்பமானதன்று. கடிதத்தை அனுப்பியவரன்றிப் பெற்றவரே பெரும்பாலும் கூலி கொடுத்தார். தாளின் எண்ணிக்கையும் வழியின் தூரமும் சேர்ந்து கூலியைத் தீர்மானித்தன. 1812ஆம் ஆண்டு ஏற்பட்ட விகிதப்படி, ஒரு தாள் 15 மைலுக்கு உட்பட்ட தூரம் செல்ல 4 பென்ஸ். 80 மைலைத் தாண்டி 120 மைல் வரை செல்ல 9 பென்ஸ். தாள் இரண்டானாற் கூலியும் இரட்டிப்பாகும். உறையும் ஒரு தாளாகவே கணக்கிடப்பட்டபடியால், எழுதிய தாளையே மடித்து முத்திரையிட்டு, வெளிப்புறத்தில் முகவரி எழுதுவர். இடம் போதாதவிடத்துத் தாளைத் திருப்பி, எழுதிய வரிகளுக்குக் குறுக்கே மீண்டும் எழுதுவர். இவற்றை வாசிப்பதற்கும் ஒரு தேர்ச்சி வேண்டும். பாராளுமன்ற அங்கத்தவர்களோ தங்கள் ஒப்பத்தினால் இலவசமாகக் கடிதம் அனுப்பும் சலுகை பெற்றிருந்தார்கள். 'மான்ஸ்பீல்ட் பார்க்' கிலே ஏழைச் சிறுமி பனி தன் அண்ணனுக்கு எழுதும் கடிதம், பாராளுமன்றத்திலிருந்த பெரியப்பாவின் ஒப்பத்தினால் அவனுக்குச் செலவின்றியே செல்கின்றது. டார்சியின் மூன்று தாட் கடிதம் தபாலில் வந்திருந்தால் எலிசபெத்து மும்மடங்கு கூலி கொடுத்து, தன்மீது சாட்டப்பட்ட குறைகளையும் சேர்த்து வாங்கியிருக்க வேண்டும்!

எனினும் தபால் விரைவாகவே சென்றது. பாத் நகரத்து ஜோன் பாமர் என்பாரின் முயற்சியால் 1784ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதம் முதலாவது தபால் வண்டி பிறிஸ்டலிலிருந்து இலண்டனுக்கு ஓடியது. அதன்பின் பல பெருவீதிகளிலும் ஆயுதந்தாங்கிய காவலனோடு இவ்வண்டிகள் குறித்த நேரத்திற்கு ஓடின. ஒஸ்டினின் கதைகளிற் செய்தி வந்து சேரும் வேகம் இந்த வண்டிகளின் வேகமே.

எழுத முடியாத இளைஞரும் கன்னியரும் வேறெங்கே பேசினர்? நடன மண்டபத்திலே பேசினர். ஒரு முறை அழைத்தால் இரண்டு ஆட்டம் ஒருவரோடேயே ஆடவேண்டும். ஏறக்குறைய அரைமணி நேரம். சபையார் அனைவரும் பார்த்திருக்க, ஆனால் எவரும் கேளாதிருக்க, இருவர் உரையாடுவதற்கு ஒழுக்கம் அனுமதித்த இடம் இதுவொன்றே எனலாம். ஒருவன் அழைப்பை மறுத்த பெண் அன்றிரவு வேறெவரோடும் ஆடுதல் முறையன்று. அதனாலேதான் எலிசபெத்து கொலின்ஸ் பாதிரியாரின் காலடியில் மிதிபடவும் உடன்பட்டாள்.

இவ்வளவு கட்டுப்பாடும் எதற்காக? இதற்கு விடை சட்டப் புத்தகத்திலே கிடைக்கின்றது. மணமான பெண்ணின் பணமும் சம்பாத்தியமும் கணவனுடையனவாகும். தனிப்பட்ட உடன்படிக்கை எழுதிப் பாதுகாத்தாலன்றி அவளுக்கெனச் சொத்தில்லை. 1870இலும் 1882இலும் இயற்றப்பட்ட சட்டங்களே இந்நிலையை மாற்றின. பெனட் குடும்பத்துக்கு ஆண்டு வருமானம் 2000 பவுண். ஆனால் நிலம் ஆண்வழி உரிமையாதலால், தந்தை கண்மூடியதும் கொலின்ஸ் என்னும் தூரத்து உறவினனுக்கே சேரும். தாயின் 5000 பவுணே ஐந்து பெண்களுக்கும் எஞ்சும். அதுவும் அவள் இறந்த பின்னரே. தன்னை மணக்க மறுக்கும் எலிசபெத்திடம், அவள் பங்கு ஆயிரம் பவுணுக்கு மேற்படாது என்பதைக் கணக்குப் பிசகாமல் நினைவூட்டுகிறார் பாதிரியார். சில நாட்களின் பின் அதே பாதிரியாரை ஏற்றுக்கொண்ட சார்லட் லூகாசுக்கு வயது 27, அழகுமில்லை, சீதனமுமில்லை. சார்லட்டைப் பழிப்பவர் பலர். அவள் முன்னிருந்த வேறு வழிகளை எண்ணிப்பார்ப்பவர் அவ்வளவு எளிதிற் பழிக்கமாட்டார்.

ஜேன் ஒஸ்டினே இக்கேள்விக்கு ஒரு முறை விடையிறுக்க நேர்ந்தது. 1802ஆம் ஆண்டு டிசெம்பர் 2ஆந் திகதி, ஹரிஸ் பிக்-விதர் என்னும் நிலவுரிமைக் குடும்பத்து இளைஞர் அவரை மணங்கேட்டார். அன்று மாலை அவர் இசைந்தார். மறுநாட் காலை அச்சொல்லை மீளப் பெற்றுக்கொண்டார். அப்போது அவருக்கு 27 வயது நிரம்பச் சில நாட்களே இருந்தன. சார்லட்டின் வயதும் அதுவாயிருத்தல் கவனிக்கத்தக்கது.

மணச்சட்டமும் கதையினுள்ளே புகுந்திருக்கின்றது. ஹாட்விக் பிரபுவின் 1753ஆம் ஆண்டுச் சட்டம், கோயிலிலே மூன்று ஞாயிறு விளம்பரம் கூறியோ அனுமதிப் பத்திரம் பெற்றோதான் மணமுடிக்க வேண்டுமெனவும், பத்திரத்தின்மேல் மணப்பவர் 21 வயது நிரம்பாதவராயிற் பெற்றோர் சம்மதம் வேண்டுமெனவும் விதித்தது. ஸ்கொத்லாந்திலே அச்சட்டம் செல்லாது. எனவே எல்லைக்கு அப்பாலுள்ள கிறெட்னா கிறீன் என்னும் சிற்றூர், ஓடிப்போன காதலர்களின் புகலிடமாயிற்று. பதினாறு வயது லிடியா விக்கமோடு ஓடிய செய்தி வந்தபோது, கிறெட்னா கிறீனுக்குப் போயிருந்தாலாவது நன்று என வீட்டார் ஏங்குகின்றனர்; ஏனெனில் அவ்விருவரும் இலண்டனைத் தாண்டவில்லை.

இங்கேதான் ஒஸ்டின் கடிதத்தின் முழு வலிமையையும் காட்டுகிறார். ஜேன் அவசரத்தில் முகவரியைக் கிறுக்கியபடியால் முதற்கடிதம் வழிதவறி, இரண்டாவதோடு சேர்ந்து ஒரே நாளில் எலிசபெத்தின் கைக்கு வருகின்றது. பின்னர் தபால் வரும் நேரமே வீட்டார்க்கு நாளின் பெருந்துயராகின்றது. ஈற்றில், விக்கமின் ஆயிரம் பவுணுக்கு மேற்பட்ட கடனைத் தீர்த்து மணத்தை நடத்திவைத்தவன் டார்சியே என்னும் இரகசியத்தைக் கார்டினர் மாமியின் கடிதம் வெளியிடுகின்றது. கன்னியொருத்திக்குக் கனவான் எழுதக்கூடாததை மணமான மாமி எழுதலாம்.

1840ஆம் ஆண்டிலே றோலண்ட் ஹில்லின் ஒரு பென்னித் தபால் வந்து, தூரக்கணக்கை ஒழித்தது. அதைக் காண ஒஸ்டின் இருக்கவில்லை. 1817ஆம் ஆண்டு யூலை 18ஆந் திகதி வின்செஸ்டரிலே காலமானார். அவர் எழுதிய கடிதங்களுள் மிகப் பலவற்றை அக்காள் கசந்திரா எரித்துவிட்டார். ஏறக்குறைய 160 எஞ்சியுள்ளன. அவற்றுள் ஒன்று அவ்வாண்டு ஏப்ரில் 6ஆந் திகதி, கடற்படையிலிருந்த தம்பி சார்ள்ஸுக்கு நோயுடன் எழுதியது. அன்பு அக்காளிடமிருந்து தமக்கு வந்த கடைசிக் கடிதம் அதுவென்று சார்ள்ஸ் அதன்மேற் குறித்து வைத்தார். 1852இல் பர்மாவில், ஐராவதி நதியிலே, தளபதியாயிருந்தபோது வாந்திபேதியால் இறந்த அவருடைய கல்லறை திருக்கோணமலையிலே இருக்கின்றது.