பிரெஞ்சுப் படவுலகில் ஒரு தொகுப்பாளர்

திரைப்படம் பார்ப்போர் நடிகரை அறிவர். ஓரளவு டைரக்டரையும் அறிவர். காட்சிகளை வெட்டியும் ஒட்டியும் கதைக்கு ஓட்டம் தரும் படத்தொகுப்பாளரை அறிந்தவர் மிகச் சிலரே. டைரக்டர் பாதியில் விட்டுச் சென்ற படமொன்றைப் பத்தாண்டுகளுக்குப் பின் உருவாக்கித் தந்த மார்கெரித் ரெனுவார் என்னும் பிரெஞ்சுப் பெண்மணியின் வரலாறு, அக்கலையின் பெருமையை நன்கு உணர்த்தும்.

இவரது இயற்பெயர் மார்கெரித் ஊலே. தொழிலாளர் குடும்பத்தில் பிறந்தவர். புகழ்பெற்ற ஓவியர் ஒகுஸ்த் ரெனுவாரின் மகனும், பின்னாளில் வங்காளத்தில் 'நதி' (1951) என்னும் படத்தை எடுத்தவருமான ழான் ரெனுவாருக்கு, 1930-களில் இவர் வாழ்க்கைத் துணையாகவும் தொழில் துணையாகவும் விளங்கினார். இருவரும் மணம் புரிந்துகொள்ளவில்லை. ஆயினும் ரெனுவார் என்னும் பெயரை ஏற்றார். பிரிந்த பின்னரும் அப்பெயருடனேயே தொழில் செய்தார். 'மாபெரும் மாயை' (1937), 'மனித மிருகம்' (1938), 'ஆட்டத்தின் விதி' (1939) ஆகிய படங்களின் தொகுப்பில் இவர் கைவண்ணம் உண்டு.

மொப்பசான் எழுதிய சிறுகதை ஒன்றை 1936-ஆம் ஆண்டுக் கோடையில் ரெனுவார் படமாக்கத் தொடங்கினார். ஆற்றங்கரையில் ஒருநாள் இன்பமாய்க் கழிக்க வந்த பாரிஸ் குடும்பத்தின் கதை அது. இடைவிடாத மழையால் படப்பிடிப்பு தடைப்பட்டது. ரெனுவார் வேறு படத்துக்குச் சென்றுவிட்டார்; சில காட்சிகள் எடுக்கப்படவே இல்லை.

பிலிம் காலத்தில் படம் பதிவான மூலச்சுருள் நெகடிவ் எனப்பட்டது. தொகுப்பாளர் அதனைத் தொட்டதில்லை. அதன் பிரதியை வெட்டி ஒட்டியே படத்தை அமைத்து வந்தார். அவ்வாறு மார்கெரித் முதலில் அமைத்த பிரதி, ஜெர்மானியர் பிரான்சை ஆண்ட போர்க்காலத்தில் அழிந்தது. அதனோடு அவர் உழைப்பும் போயிற்று. நல்வேளையாக, பழம்படங்களைப் பாதுகாத்து வந்த ஆன்றி லாங்லுவா நெகடிவைக் காப்பாற்றி வைத்திருந்தார்.

போர் ஓய்ந்தது. ரெனுவாரோ அமெரிக்காவில் இருந்தார். மார்கெரித் மீண்டும் முதலிலிருந்து தொகுத்தார். எடுக்கப்படாத காட்சிகளுக்கு ஈடாக இரண்டு இடங்களில் எழுத்து அட்டைகள் சேர்க்கப்பட்டன. ஜோசப் கோஸ்மா இசையமைத்தார். 1946-இல் 'நாட்டுப்புற உலா' வெளிவந்தது. சுமார் 40 நிமிடங்களே ஓடும் படம். காதலர் கூடிய சில நொடிகளில் காற்று எழுகிறது, நாணல் சாய்கிறது, ஆற்றின்மேல் மழைத்துளிகள் வீழ, நீர்ப்பரப்பு விலகி விலகிச் செல்கிறது. அடுத்து வருவது, பல ஆண்டுகள் கழிந்த ஒரு துயரமான ஞாயிற்றுக்கிழமை! படப்பிடிப்பைக் கெடுத்த அதே மழை, தொகுப்பில் காலத்தின் ஓட்டமாகவே மாறிவிட்டது.

நிற்க. ரெனுவாரின் துணை இன்றியும் மார்கெரித்தின் தொழில் தளரவில்லை. ரெனுவாரின் முன்னாள் உதவியாளரான ழாக் பெக்கர், 'பொற்கூந்தல்' (1952) முதலிய தம் படங்களை இவரிடமே ஒப்படைத்தார். சிறை தப்ப முயலும் கைதிகளைப் பற்றிய 'துளை' என்னும் படம் வெளிவரும் முன்பே, 1960 பிப்ரவரியில் பெக்கர் காலமானார். அதனைத் தொகுத்தவர்களுள் ஒருவரும் மார்கெரித்தே.

ஆகவே, ஒரு படத்துக்கு ஒருவரே ஆசிரியர் என்று கொள்ளுதல் முழு உண்மை ஆகாது. 'நாட்டுப்புற உலா'வை ரெனுவாரின் படம் என்றே உலகம் கொண்டாடுகிறது, அதில் தவறில்லை. ஆனால் பெட்டியில் உறங்கிய சுருள்களைப் படமாக எழுப்பிய கைகள் மார்கெரித்தினுடையவை என்பதும் மறக்கத் தக்கதன்று.