வீட்டுக் கடன் – அன்றும் இன்றும்



மலருக்கு ஏதாவது எழுதிக் குடுங்கன்னு ஊக்குநர் அக்கா கேட்டப்ப, கோலம், சமையல்னு எதையாவது எழுதலாம்னுதான் முதல்ல நினைச்சேன். அப்புறம் எங்க வீட்டுப் பீரோவுல இருக்கிற கடன் பேப்பர் ஞாபகத்துக்கு வந்தது. நம்ம கூட்டமைப்புல இப்ப நிறைய பேர் வீடு கட்டக் கடன் வாங்குறோம். அதனால கடனோட கதையையே எழுதுறேன். நான் பத்தாவது வரைக்கும் படிச்சவ. நூலகத்துல படிச்சதையும், பெரியவங்க சொன்னதையும், நானே கணக்குப் போட்டுப் பார்த்ததையும் சேர்த்து எழுதியிருக்கேன்.

கீற்றுக் கொட்டகைக் காலம்

நம்ம பொம்மையார்பாளையத்துல பாட்டி காலத்துல வீடு கட்ட யாரும் கடன் வாங்கினதில்லை. மண்ணு சுவர், மேல தென்னங்கீற்று. கீற்று மக்கினா புதுசா முடைஞ்சு போடுவாங்க. சொந்தக்காரங்க நாலு பேர் வந்து கை கொடுப்பாங்க, அவங்களுக்குச் சோறு போட்டா போதும்.

கடன் வாங்குனது வலைக்கும், கட்டுமரத்துக்கும், கல்யாணத்துக்கும், கடலுக்குப் போக முடியாத மாசத்துல அரிசிக்கும்தான். யாரு கொடுப்பாங்க? மீன் வாங்குற வியாபாரி முன்பணம் கொடுப்பாரு. அதுக்கு வட்டி கிடையாதுன்னு சொல்லுவாங்க. ஆனா பிடிச்ச மீனை அவருக்கே, அவரு சொன்ன விலைக்கே போடணும். வட்டி மீன் விலைக்குள்ளயே ஒளிஞ்சு இருந்தது. இல்லைன்னா தண்டல், இல்லைன்னா புரோநோட்டு. நூத்துக்கு மாசம் அஞ்சு ரூபா, பத்து ரூபான்னு வட்டி. எங்க பாட்டியோட தண்டையும் காது நகையும் அடகுக் கடைக்குப் போய்த் திரும்பி வரவே இல்லைன்னு அம்மா சொல்லுவாங்க.

அந்தக் காலத்துல வட்டி அதிகம். பத்து வட்டின்னா பத்து மாசத்துல வட்டி மட்டுமே அசல் அளவுக்கு வந்துடும். அதனால அந்தக் கடன் ஆளை அடிக்கிறது எல்லோர் கண்ணுக்கும் தெரிஞ்சது.

கடனுக்கு வந்த சட்டங்கள்

இந்த வட்டிக் கொடுமை வெள்ளைக்காரன் காலத்து அரசாங்கத்துக்கும் தெரிஞ்சுதான் இருந்தது. ஃபிரடெரிக் நிக்கல்சன் என்ற அதிகாரியை, வெளிநாட்டில் விவசாயிகளுக்கு எப்படிக் கடன் கொடுக்கிறார்கள் என்று பார்த்து வர சென்னை மாகாண அரசு அனுப்பியது. ஜெர்மனியில் ஊர்க்காரர்களே சேர்ந்து நடத்திய கடன் சங்கங்களைப் பற்றி அவர் எழுதினார். 1895-லும் 1897-லும் அவர் அறிக்கை வந்தது. 1904-ல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது. அதே வருஷம் திருவள்ளூர் பக்கத்தில் திரூர் கிராமத்தில் கடன் சங்கம் தொடங்கினார்கள். நாலு பேர் சேர்ந்து சேமிச்சு, ஒருத்தருக்கொருத்தர் பொறுப்பேற்றுக் கடன் கொடுப்பது அதன் முறை. நம்ம குழு செய்யுறதும் இதைத்தான்.

நிலத்தை அடமானமாக வாங்கிக்கொண்டு நீண்ட காலக் கடன் கொடுக்க, 1929-ல் சென்னையில் கூட்டுறவு மத்திய நில அடமான வங்கி ஏற்பட்டது. பல வருஷத் தவணையில் கடன் அடைக்கிற பழக்கம் நம்ம கிராமங்களுக்கு இந்த மாதிரி வங்கிகள் வழியாக வந்தது.

அந்த சமயம்தான் உலகம் முழுக்கப் பொருளாதார மந்தம். நெல் விலை விழுந்தது. விவசாயிகளால் கடனைக் கட்ட முடியவில்லை, நிலங்கள் ஏலத்துக்குப் போயின. 1938-ல் ராஜாஜி தலைமையில் இருந்த சென்னை மாகாண அரசு விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டுவந்தது. 1932 அக்டோபர் 1-க்கு முன்னால் வாங்கிய கடனாக இருந்தால், அசலும் வட்டியுமாகச் சேர்த்து அசலைப் போல இரண்டு மடங்கு கட்டியாகிவிட்டது என்றால், அந்தக் கடன் முழுசாகத் தீர்ந்தது என்று அந்தச் சட்டம் சொன்னது. நூறு வாங்கினவர் மொத்தம் இருநூறு கொடுத்திருந்தால் அதோடு சரி.

இது விவசாயி என்ற கணக்கில் வருபவர்களுக்கு மட்டும்தான். நிலமில்லாமல் கடலையே நம்பி இருந்தவங்களுக்கு அதில் இடமில்லை. ஆனாலும் இந்த "இரண்டு மடங்கு" என்ற அளவை மனசுல வெச்சுக்கோங்க. அதைப் பத்தி மறுபடியும் சொல்றேன்.

குழு வந்தது, கல் வீடு வந்தது

1989-ல் தருமபுரியில் மகளிர் குழுக்கள் தொடங்கின. 1992-ல் நபார்டு வங்கி குழுக்களை வங்கிகளோடு இணைக்க ஆரம்பித்தது. 1997-98-ல் மகளிர் திட்டம் வந்தது. கந்து வட்டியைத் தடுக்கத் தமிழ்நாடு அரசு 2003-ல் தனிச் சட்டமே போட்டது. பத்து வட்டி வாங்கின நம்ம பெண்களுக்கு, நூத்துக்கு ஒரு ரூபா, ரெண்டு ரூபா வட்டியில் கடன் கிடைக்கத் தொடங்கியது. இது சின்ன விஷயமில்லை.

2004 டிசம்பர் 26 சுனாமி வந்தப்ப நான் ஒன்பதாவது படிச்சேன். அன்னைக்கு என்ன ஆச்சுன்னு உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. அதுக்கப்புறம் கடலோரம் முழுக்க கல் வீடு வந்தது. சுனாமி வீட்டுக்குக் கணவன், மனைவி ரெண்டு பேர் பேரிலும் பத்திரம் கொடுக்கணும்னு அரசு வெச்சது. வீடு பொம்பளைங்க பேருலயும் இருக்கலாம்னு நம்ம குப்பத்துல பலருக்கு அப்பத்தான் தெரிஞ்சது.

பிள்ளைங்க வளர்ந்தாங்க, குடும்பம் பிரிஞ்சது. தனி வீடு வேணும். அரசுத் திட்டத்துல வர்ற பணம் அஸ்திவாரத்துக்கும் சுவருக்குமே சரியாப் போயிடுது. மீதிக்குக் கடன். வீட்டுக் கடன் கம்பெனிக்காரங்க வாசலுக்கே வந்து கேக்குறாங்க.

என் பீரோவுல இருக்கிற பேப்பர்

நாங்க 5,00,000 ரூபா வாங்கினோம். நூத்துக்கு ஒரு ரூபா வட்டி, அதாவது வருஷத்துக்கு 12 சதவீதம். மாசத் தவணை 5,505 ரூபா. 20 வருஷம். வந்தவரு, "மாசம் 5,505 கட்ட முடியுமா?"ன்னு மட்டும்தான் கேட்டாரு. முடியும்னோம். மொத்தம் எவ்வளவுன்னு அவரும் சொல்லல, நாங்களும் கேக்கல. ஏகப்பட்ட இடத்துல கையெழுத்துப் போட்டேன். ஒரு பக்கம் கூடப் படிக்கல.

எங்க வீட்டுக்காரரு, "ஒரு வட்டிதானே, பாட்டி காலத்துல பத்து வட்டி கட்டுனாங்க"ன்னாரு. எனக்கும் அது நியாயமாத்தான் பட்டது.

அஞ்சு வருஷம் ஒரு மாசம் கூடத் தவறாம கட்டினோம். பாடு இல்லாத மாசத்துல கம்மலை வெச்சுக் கட்டினோம். மொத்தம் 3,30,300 ரூபா போயிருக்கு. பாதிக் கடன் தீர்ந்திருக்கும்னு நினைச்சுப் பாக்கியைக் கேட்டேன். 4,58,700-ன்னு சொன்னாங்க. அஞ்சு வருஷத்துல அசல்ல குறைஞ்சது சுமார் 41,300 ரூபாதான். தப்பா சொல்றாங்கன்னு சண்டைக்கே போயிட்டேன். குழு கணக்கு எழுதுற நோட்டை எடுத்து ராத்திரி உக்காந்து போட்டுப் பார்த்தேன். கணக்கு சரிதான். எனக்குத்தான் தெரியாம இருந்திருக்கு.

எப்படின்னா, முதல் மாசம் 5,00,000-க்கு ஒரு வட்டி 5,000 ரூபா. நாம கட்டுற 5,505-ல வட்டிக்கு 5,000 போயிடுது. அசலுக்குப் போறது 505 மட்டும். அடுத்த மாசம் 4,99,495-க்கு வட்டி. இப்படியே கொஞ்சம் கொஞ்சமா குறையும். அசல்ல பாதி தீர கிட்டத்தட்ட 15 வருஷம் ஆகும். மீதிப் பாதி கடைசி அஞ்சு வருஷத்துல தீரும்.

ஒரே "ஒரு ரூபா வட்டி"தான். ஆனா 100 ரூபா வாங்கினா மொத்தம் எவ்வளவு திருப்பிக் கட்டுறோம்னு பாருங்க:

- 3 வருஷம் (நம்ம குழுக் கடன் மாதிரி) – சுமார் 120 ரூபா
- 10 வருஷம் – சுமார் 172 ரூபா
- 15 வருஷம் – சுமார் 216 ரூபா
- 20 வருஷம் – சுமார் 264 ரூபா

எங்க அஞ்சு லட்சம் 20 வருஷத்துல 13,21,000 ரூபாயைத் தாண்டுது. அந்த 1938 சட்டத்தோட அளவை எங்க கடனுக்கு வெச்சுப் பார்த்தேன். 15 வருஷமும் ரெண்டு மாசமும் ஆனதும் இரண்டு மடங்கு, அதாவது பத்து லட்சம், கட்டி முடிச்சிருப்போம். அந்தச் சட்டக் கணக்குல கடன் அன்னைக்கே தீர்ந்தது. ஆனா எங்க பேப்பர்ல அன்னைக்கும் சுமார் 2,41,000 ரூபா அசல் பாக்கி நிக்கும்.

பாட்டியை அடிச்சது வட்டி. நம்மளை அடிக்கிறது வருஷம். வட்டி குறைஞ்சதைப் பார்த்த நாம வருஷம் நீண்டதைப் பார்க்கல.

இன்னொரு பக்கமும் உண்டு

கடன் கொடுத்தவங்க எல்லாம் கொள்ளைக்காரங்கன்னு நான் சொல்லல. வங்கி கொடுக்குற பணம் இன்னொருத்தர் போட்ட டெபாசிட். அதுக்கும் வட்டி தரணும். வாடகை கட்டினா அந்தப் பணம் திரும்பி வராது. 20 வருஷம் கழிச்சு 5,505 ரூபா இன்னைக்கு மாதிரி பெரிசாவும் தெரியாது. கல் வீடு இல்லாம இருந்தா புயலுக்கு என்ன ஆவோம்னும் நமக்குத் தெரியும்.

ஆனா நம்ம ஊருக்குன்னு ஒரு கணக்கு இருக்கு. கடல் வருஷா வருஷம் கரையை அரிக்குது. கரையோரம் வீடு கட்டினவங்க 20 வருஷக் கடன் வாங்குறப்ப, வீடு அத்தனை வருஷம் நிக்குமான்னும் யோசிக்கணும். சுவர் இடிஞ்சாலும் தவணை நிக்காது. 2002-ல் வந்த சட்டப்படி, தவணை தவறி வாராக் கடன் ஆயிட்டா, 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, கோர்ட்டில் வழக்குப் போடாமலே அடமான வீட்டை எடுக்க நடவடிக்கை எடுக்கலாம்.

கையெழுத்துக்கு முன்னாடி

நான் கேக்காம விட்டதை நீங்க கேளுங்க.

1. மாசத் தவணையோட நிக்காதீங்க. கடைசி வரைக்கும் மொத்தம் எவ்வளவுன்னு கேளுங்க. 2024 அக்டோபர் முதல் எல்லாச் செலவும் சேர்ந்த உண்மையான வருஷ வட்டியைக் காட்டுற குறிப்புத் தாளைக் கடன் கொடுக்குறவங்க தரணும். நமக்குப் புரியுற மொழியில தரணும்.
2. மாசாமாசம் அசலுக்கு எவ்வளவு, வட்டிக்கு எவ்வளவுன்னு காட்டுற தவணை அட்டவணையை வாங்கிக்கோங்க.
3. வட்டி மாறுமா, மாறாதா? 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள்ள ரிசர்வ் வங்கி தன் வட்டியை 4-லிருந்து 6.5 சதவீதம் ஆக்கினப்ப, பல பேருக்குத் தவணை ஏறல, வருஷம் நீண்டது. அவங்களுக்கே தெரியாது. இப்போ வட்டி மாறினா தவணையைக் கூட்டுறதா, வருஷத்தை நீட்டுறதான்னு நம்மகிட்ட கேக்கணும்னு 2023 ஆகஸ்ட்ல ரிசர்வ் வங்கி சொல்லிடுச்சு.
4. முன்கூட்டிக் கட்டினா அபராதம் உண்டான்னு கேளுங்க. தனி ஆளுக்குக் கொடுக்குற மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு அபராதம் வாங்கக் கூடாது.
5. கடன் முடிஞ்சதும் மூலப்பத்திரத்தை 30 நாளுக்குள்ள திருப்பித் தரணும். அவங்க தப்பால தாமதமானா ஒரு நாளுக்கு 5,000 ரூபா நமக்குத் தரணும்னு விதி இருக்கு.

எங்க கடன் மாறாத வட்டி. கையில இருந்து கூடுதலாக் கட்டினா அபராதம் இல்லைன்னு, ரொம்ப நாள் கழிச்சுப் பேப்பரைப் படிச்சப்பதான் தெரிஞ்சது. தீபாவளிச் சீட்டையும் நகைச் சீட்டையும் நிறுத்திட்டோம். அந்த 1,000 ரூபாயை மாசாமாசம் தவணையோட சேர்த்து, அசல்ல வரவு வைக்கச் சொல்லி எழுதிக் கொடுத்துக் கட்டுறோம். இப்படிக் கட்டினா இன்னும் 15 வருஷம் இருந்த கடன் 10 வருஷம் 3 மாசத்துல முடியும். மொத்தத்துல சுமார் 1,92,000 ரூபா மிச்சம். வாங்கும்போதே வருஷத்தைக் குறைச்சிருந்தா இன்னும் எவ்வளவோ மிஞ்சியிருக்கும்.

மாதக் கூட்டத்துல நான் ஒண்ணு கேட்டுக்கிறேன். யார் வீட்டுக் கடன் வாங்கினாலும், கையெழுத்துக்கு முன்னாடி அந்தப் பேப்பரைக் கூட்டத்துக்குக் கொண்டு வரட்டும். எல்லோரும் சேர்ந்து மொத்தக் கணக்கைப் போட்டு நோட்டுல எழுதுவோம். குழுவுல நூறு ரூபா உள் கடனுக்கே நாம நாலு கேள்வி கேக்குறோம். அஞ்சு லட்சத்துக்குக் கேக்க வேண்டாமா?