ஜார்ஜ் டெலரூ

ஜார்ஜ் டெலரூ (மார்ச் 12, 1925 – மார்ச் 20, 1992) பிரான்சு நாட்டைச் சேர்ந்த திரைப்பட இசையமைப்பாளர் ஆவார். பிரெஞ்சுப் புதிய அலை இயக்குநர்கள் குறைந்த செலவில் எடுத்த படங்களுக்கு இசையமைத்துப் புகழ்பெற்றார். இயக்குநர் பிரான்சுவா த்ரூஃபோவுடன் இவர் சேர்ந்து ஆற்றிய பணி குறிப்பிடத்தக்கது.

இளமையும் கல்வியும்

டெலரூ வட பிரான்சிலுள்ள ரூபே என்னும் தொழில் நகரில் பிறந்தார். இளவயதிலேயே ஆலையில் வேலை செய்துகொண்டு கிளாரினெட் பயின்றார். முதுகெலும்பு வளைவு நோயினால் கிளாரினெட்டைக் கைவிட்டுப் பியானோவுக்கு மாறினார். பின்னர் பாரிஸ் இசைக் கல்லூரியில் தாரியஸ் மியோ முதலியோரிடம் கற்றார்.

புதிய அலைத் திரைப்படங்கள்

1950களில் பல குறும்படங்களுக்கு இசையமைத்தார். அக்னெஸ் வர்தாவின் லோபெரா மூஃப் (1958) அவற்றுள் ஒன்று. அலன் ரெனே இயக்கிய ஹிரோஷிமா மோன் அமூர் (1959) படத்தின் இசை பெரும்பாலும் ஜியோவன்னி ஃபுஸ்கோவுடையது. அதில் வரும் வால்ட்ஸ் மட்டும் டெலரூ அமைத்ததாகும்.

த்ரூஃபோ இயக்கிய 10 முழுநீளப் படங்களுக்கு இவர் இசையமைத்துள்ளார். இவற்றுள் முதலாவது 1960இலும் இறுதியானது 1983இலும் வெளியாயின. ஜூல் எ ஜிம் படத்தில் ஜான் மோரோ பாடும் புகழ்பெற்ற பாடல் டெலரூவுடையது எனச் சிலர் கருதுவதுண்டு. அதனை இயற்றியவர் செர்ஜ் ரெஸ்வானி. படத்தின் பின்னணி இசையே டெலரூவுடையது. லா நுயி அமெரிக்கேன் படத்தில், இசையமைப்பாளர் ஒருவர் புதிய மெட்டைத் தொலைபேசி வழியே இயக்குநருக்குக் கேட்கச் செய்யும் காட்சி உள்ளது. அதில் ஒலிக்கும் குரல் டெலரூவினுடையதே.

ழான்-லுக் கோதாரின் லெ மெப்ரி (1963) படத்துக்கு இவர் அமைத்த இசை மிகக் குறைந்த கால அளவுடையது. கோதார் அதனையே படம் முழுவதும் திரும்பத் திரும்பப் பயன்படுத்தினார். இத்தாலியப் பதிப்பிலோ இவ்விசை நீக்கப்பட்டு, பியேரோ பிச்சியோனியின் இசை சேர்க்கப்பட்டது. எனினும் டெலரூவின் இசையே நிலைத்தது. மார்ட்டின் ஸ்கோர்செசி தமது கசினோ (1995) படத்தில் அதனை எடுத்தாண்டுள்ளார்.

அமெரிக்காவில்

1980களில் டெலரூ லாஸ் ஏஞ்சலஸ் நகரில் குடியேறினார். அங்கு வாய்ப்புகள் பெருகினாலும், இசை குறித்த இறுதி முடிவு பல வேளைகளில் இவர் கையில் இல்லை. சம்திங் விக்கெட் திஸ் வே கம்ஸ் (1983) படத்துக்கு அமைத்த இசை முற்றிலும் நீக்கப்பட்டு, ஜேம்ஸ் ஹார்னரின் இசை இடம்பெற்றது. பிளட்டூன் (1986) படத்தில் இவரது இசைக்கு மேலாகச் சாமுவேல் பார்பரின் அடாஜியோ முன்னிறுத்தப்பட்டது.

1992இல் ரிச் இன் லவ் படத்தின் இசைப்பதிவை முடித்த சிறிது நேரத்தில் நோயுற்று, தமது 67ஆம் வயதில் காலமானார்.

விருதுகள்

* ஆஸ்கார் விருது – எ லிட்டில் ரொமான்ஸ் (1979)
* சிறந்த இசைக்கான செசார் விருது – 1979, 1980, 1981 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் தொடர்ந்து

இசையமைத்த சில திரைப்படங்கள்

* டிரே சுர் லெ பியானிஸ்ட் (1960)
* ஜூல் எ ஜிம் (1962)
* லா போ தூஸ் (1964)
* லெ ருவா த கேர் (1966)
* லா நுயி அமெரிக்கேன் (1973)
* லெ தெர்னியே மெத்ரோ (1980)
* விவ்மான் திமான்ஷ் (1983)