குளத்து நீரும் சமஷ்டியும்

கந்தளாய்க் குளத்தைக் குளக்கோட்டு மன்னன் கோணேசர் கோயிற் பணிக்கென அமைத்தான் என்பது நம் முன்னோர் வழிவழி கூறிவந்த ஐதிகம். இத்தகைய குளங்களின் கீழுள்ள காணியை யாருக்கு வழங்குவது, அதை யார் தீர்மானிப்பது என்ற வினாவே கீழ்மாகாணத்தில் சமஷ்டிக் கோரிக்கைக்கு வலுவூட்டிற்று. குடியேறிய சிங்கள உழவர்மீது நமக்குக் காய்தல் இல்லை, அவரும் ஏழைகளே.

1956 ஆகஸ்டில் தமிழரசுக் கட்சி திருகோணமலையிற் கூடிச் சமஷ்டியாட்சியை வற்புறுத்தியது. 1957 ஜூலையில் உருவான பண்டாரநாயக்கா–செல்வநாயகம் ஒப்பந்தம், குடியேற்றத் திட்டங்களிற் காணி பெறுவோரைத் தெரிவுசெய்யும் உரிமையைப் பிராந்திய சபைகளுக்கு அளிக்க இசைந்தது. 1958 ஏப்ரலிற் பிரதமரே அதைக் கைவிட்டார். 1965இல் டட்லி சேனநாயக்காவோடு செய்த உடன்பாட்டில், மாவட்டத்துக் காணியற்றோருக்கே முதலிடம் என்றிருந்தது.

அவ்வுடன்பாட்டின் பயனாய் மு. திருச்செல்வம் அவர்கள் அமைச்சரானார். கோணேசர் ஆலயச் சூழலைப் புனித பிரதேசமாக்குவது குறித்து ஆராய அவர் நியமித்த குழுவைப் பிரதமர் நிறுத்தவே, 1968இற் பதவி துறந்தார். பதவி இருந்தது, அதிகாரம் இருந்ததா?

1987ஆம் ஆண்டின் 13ஆவது திருத்தம் காணியை மாகாணப் பட்டியலிற் சேர்த்தது. அரச காணியோ குடியரசின் உடைமையாகவே நின்றது. பல மாகாணங்களூடாக ஓடும் ஆறுகளின் நீர்ப்பாசனமும் மத்திய அரசிடமே. நம் குளத்துக்கு அம்பன் கங்கை நீர் வடமத்திய மாகாணத்து மின்னேரியா வழியாகவே வந்து சேர்கிறது.