கடற்கரைப் பள்ளியும் ஹனிபாவின் குரலும்

கல்முனைக்குடி கடற்கரைப் பள்ளியில் கொடியேற்றம் தொடங்கினால் எங்கள் வீட்டில் இரண்டு பாட்டுகள் கேட்கும். வெளியே ஒலிபெருக்கியில் நாகூர் ஹனிபா. உள்ளே, சுளகில் நெல் புடைத்தபடி மூத்தம்மா சொல்லும் கவி. “அது நாகூர்ப் பாட்டு மனே, இது நம்மட கவி” எண்டு சொல்லுவா. அந்தப் பிரிப்பின் பொருள் எனக்குப் பிந்தித்தான் விளங்கியது.

இசைமுரசு நாகூர் ஈ. எம். ஹனிபா 1925இல் பிறந்து 2015 ஏப்ரல் 8இல் மறைந்தவர். இஸ்லாமியப் பாடல்களைப் பாடிய அதே குரலால் திராவிட முன்னேற்றக் கழக மேடைகளிலும் பாடினார். 1961இல் வெளியான ‘பாவ மன்னிப்பு’ படத்தில் டி. எம். சௌந்தரராஜனோடு இணைந்து பாடினார். மார்க்கமும் தமிழும் அவரிடம் ஒன்றையொன்று தள்ளவில்லை.

நாகூருக்கும் எங்களுக்கும் உறவு பழையது. கடற்கரைப் பள்ளி சாஹுல் ஹமீது வலியுல்லாவின் பேரில் எழுந்தது. அவரின் அடக்கம் நாகூரில். இங்கே இருப்பது நினைவும் கொடியும் மட்டுமே. அந்த ஊர்க் குரல் இலங்கை வானொலி முஸ்லிம் சேவையில் வந்தபோது எங்களுக்கு அது அந்நியமாகத் தோன்றவில்லை.

1990இன் படுகொலைகளும் வடக்கிலிருந்து முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டதும் இங்கே பலரின் மனதைக் கசக்க வைத்தன. ‘நாங்கள் தமிழர் அல்ல, முஸ்லிம்கள்’ என்ற பேச்சு உரத்தது. அந்த நாள்களிலும் எங்கள் வீட்டில் ஹனிபாவை யாரும் நிறுத்தவில்லை. அரசியல் பிரித்த மொழியை அந்தக் குரல் எங்களுடையதாகவே வைத்திருந்தது.

ஆனால் ஒரு கணக்கையும் சொல்ல வேண்டும். ஹனிபா பாடினார், எழுதியோர் நாகூர் சலீம் போன்ற கவிஞர்கள். இருந்தும் சனம் ‘ஹனிபா பாட்டு’ என்றே சொல்லும். மூத்தம்மா போன்றோரோ வயலிலும் வாசலிலும் தாங்களே கட்டி, தாங்களே பாடினார்கள். அவர்களுக்கு ஒலிபெருக்கியும் இல்லை, இசைத்தட்டும் இல்லை. நிந்தவூர் எஸ். முத்துமீரான் போன்றோர் தேடித் தொகுத்ததால் கொஞ்சம் மிஞ்சியது. ஆனால் கவி மிஞ்சிய இடத்திலும் கட்டியவளின் பேர் பெரும்பாலும் மிஞ்சவில்லை.

பெரிய குரல் நம்மைக் காப்பாற்றியது. அதன் சத்தத்தில் சின்னக் குரல்களை நாம் கேட்காமலும் விட்டோம். இதற்கு ஹனிபாவைக் குறை சொல்ல முடியாது. குறை கேட்காத நம்மிடம்தான். மூத்தம்மா மௌத்தானபோது அவவின் ஒரு கவியைக்கூட நான் எழுதி வைத்திருக்கவில்லை. உங்கள் வீட்டில் கவி சொல்லும் உம்மம்மா யாரும் இருந்தால், இன்றைக்கே பக்கத்தில் இருந்து எழுதுங்கள். கவிக்குக் கீழே அவவின் பேரையும் எழுதுங்கள்.