ஐநூறு ரூபாய் ஜீவனாம்சம்

பிரிந்து வாழும் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் கணவன் பணம் கொடுத்தாக வேண்டும் என்பது நம் நாட்டில் நேற்று வந்த சட்டம் இல்லை. 1872-ம் வருட குற்றவியல் நடைமுறைச் சட்டத்திலேயே 536-வது பிரிவாக இருக்கிறது. ஆனால் கடமையைச் சொன்ன கையோடு அதற்கு ஓர் உச்சவரம்பும் வைத்துவிட்டார்கள்: மாதம் 50 ரூபாய். இந்தப் பதிவு அந்த உச்சவரம்பின் கதை. நான் வக்கீல் இல்லை. பி.காம். படித்துவிட்டு வங்கியில் குப்பை கொட்டுகிறவன். அதனால் சட்டப் புத்தகத்திலும் எண்கள்தான் முதலில் கண்ணில் படுகின்றன.

எதற்கு உச்சவரம்பு? அந்தச் சட்டத்தைக் கொண்டுவந்த ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீஃபன் இதைப் பெண்ணின் உரிமையாகப் பார்க்கவில்லை. கைவிடப்பட்டவர்கள் பிழைக்க வழியின்றித் தெருவில் அலைவதைத் தடுக்கும் ஏற்பாடாகத்தான் பார்த்தார். கணவனின் வருமானத்தில் மனைவிக்குப் பங்கு என்ற பேச்சே அதில் இல்லை. பட்டினி கிடக்காத அளவு கிடைத்தால் போதும்!

50 ரூபாய் 1923-ல் 100 ஆனது. 1955-ல் 500 ஆனது. அங்கேயே நின்றுவிட்டது. 1973-ல் சட்டத்தையே புதிதாக எழுதி, 125-வது பிரிவு என்று புது எண் கொடுத்து, விவாகரத்தான மனைவியையும் வயதான பெற்றோரையும் உள்ளே சேர்த்தார்கள். நல்ல விஷயம்தான். ஆனால் தொகையைத் தொடவில்லை. நடுவில் மேற்கு வங்காளம் போன்ற சில மாநிலங்கள் தாங்களாக உயர்த்திக்கொண்டன. மத்தியச் சட்டத்தில் 2001 வரை, அதாவது 46 வருஷம், அதே 500.

இதை நம் வீட்டுக் கணக்கில் சொன்னால்தான் உறைக்கும். 1955-ல் 10 கிராம் தங்கம் சுமார் 80 ரூபாய். 500 ரூபாய்க்கு ஏழு பவுனுக்கு மேல் வாங்கலாம். 2001-ல் 10 கிராம் 4,000 ரூபாயைத் தாண்டிவிட்டது. அதே 500-க்கு ஒரு கிராம் சொச்சம். கடமை சட்டத்தில் அப்படியே இருந்தது, அதன் மதிப்பு மட்டும் யாரும் கைவைக்காமலே கரைந்துவிட்டது.

1978-ல் நீதிபதி கிருஷ்ணய்யர் ஒரு தீர்ப்பில் கொஞ்சம் வழி திறந்தார். 500 என்பது மொத்தக் குடும்பத்துக்கும் சேர்த்து அல்ல, மனைவிக்கும் ஒவ்வொரு பிள்ளைக்கும் தனித்தனி உச்சவரம்பு என்றார்.

அதே 1978-ல்தான் இந்தூரில் ஷா பானு என்ற மூதாட்டி மனு போட்டார். 1932-ல் கல்யாணம், 1975-ல் வீட்டை விட்டு அனுப்பப்பட்டார். கணவர் வக்கீல். வருஷ வருமானம் சுமார் 60,000 என்று ஷா பானு சொன்னார். அவர் கேட்டது மாதம் 500, சட்டம் அனுமதித்த அதிகபட்சம். மாஜிஸ்திரேட் கொடுத்தது 25 ரூபாய். உயர் நீதிமன்றம் அதை 179 ரூபாய் 20 காசு ஆக்கியது. 1985-ல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்து, வழக்குச் செலவாக 10,000 ரூபாய் கொடுக்கச் சொன்னது. கணக்குப் போட்டுப் பாருங்கள், வழக்குச் செலவு 55 மாத ஜீவனாம்சத்துக்குச் சமம்! தீர்ப்பை ஒட்டி நாடே மதத்தைப் பற்றி விவாதித்தது. 179 ரூபாயில் ஒரு கிழவி எப்படிச் சாப்பிடுவாள் என்று கேட்டவர்கள் குறைவு.

1986-ல் முஸ்லிம் பெண்களுக்குத் தனிச் சட்டம் வந்தது. 2001 செப்டம்பரில் டேனியல் லத்தீஃபி வழக்கில் உச்ச நீதிமன்றம், இத்தா காலத்துக்குள் கொடுக்கும் தொகை அந்தப் பெண்ணின் எதிர்காலத்துக்கும் போதுமானதாக இருக்க வேண்டும் என்றது. அதே மாதம் 125-வது பிரிவின் உச்சவரம்பும் அடியோடு நீக்கப்பட்டது. வழக்கு முடியும்வரை இடைக்கால ஜீவனாம்சம், அந்த மனுவைக் கூடியவரை 60 நாளில் முடிக்க வேண்டும் என்பதெல்லாம் அப்போது வந்தவைதான்.

வங்கிக்காரனாக எனக்குப் பிடித்த ஒன்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-வது பிரிவில் இருக்கிறது. சாதாரணக் கடனுக்கான டிக்ரியில் சம்பளத்தை ஜப்தி செய்தால் முதல் 1,000 ரூபாயையும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கையும் தொட முடியாது. ஜீவனாம்ச டிக்ரி என்றால் மூன்றில் ஒரு பங்கைத்தான் தொட முடியாது. வங்கியை விட மனைவிக்கு நீளமான கை! இன்னொன்று, பாக்கி வைத்தவர் ஜெயிலுக்குப் போய் வந்தாலும் பாக்கி தீராது என்று 1988-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

2020-ல் ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்பு வந்தது. இரு தரப்பும் வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரத்தில் காட்ட வேண்டும், ஜீவனாம்சம் மனு போட்ட தேதியிலிருந்தே கணக்கு என்றது. 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இது 144-வது பிரிவு. அதே மாதம் 10-ம் தேதி, விவாகரத்தான முஸ்லிம் பெண்ணும் பழைய 125-வது பிரிவின் கீழ் கேட்கலாம் என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது.

ஆக, கடமை 1872-லேயே வந்துவிட்டது. அதற்கு ஏற்ற தொகையைக் கேட்கும் வாசல் திறக்க 129 வருஷம் ஆயிற்று.

கடைசியாக ஒன்று. இந்தப் பிரிவில் பாக்கியை வசூலிக்க, அது கொடுக்க வேண்டிய தேதியிலிருந்து ஒரு வருஷத்துக்குள் மனு போட வேண்டும். "பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று பொறுமையாக இருக்கும் பெண் யாராவது உங்களுக்குத் தெரிந்திருந்தால், இதை மட்டும் அவரிடம் சொல்லிவிடுங்கள்.